வால்-மார்ட்டா, வால்மார்ட்டா? ஒரு பெயரிலிருந்து சிறுகோடு நீங்கிய விதம்

2018 ஜனவரி 31 வரை அமெரிக்கச் சில்லறை வணிக நிறுவனமான வால்மார்ட்டின் சட்டப் பெயர் ‘வால்-மார்ட் ஸ்டோர்ஸ், இங்க்.’ மறுநாள், பிப்ரவரி 1 முதல், ‘வால்மார்ட் இங்க்.’ பெயரிலிருந்து போனவை மூன்று: ‘ஸ்டோர்ஸ்’ என்ற சொல், ஒரு காற்புள்ளி, ஒரு சிறுகோடு (ஹைஃபன்). அப்போது 28 நாடுகளில் 11,000-க்கும் மேற்பட்ட கடைகள் வைத்திருந்த நிறுவனம் அது.

‘ஸ்டோர்ஸ்’ ஏன் போனது என்பது எளிதில் விளங்கும். வாடிக்கையாளர்கள் கடைக்கு வந்தும் வாங்குகிறார்கள், கைபேசியிலும் வாங்குகிறார்கள். பெயரில் கடை மட்டும் இருப்பது பொருந்தவில்லை. சிறுகோடு விஷயம் அப்படி இல்லை. கடை வாசலில் 2008-லேயே பெயர் நடுவில் எந்தக் குறியும் இல்லாத ஒரே சொல்லாகிவிட்டது. சட்ட ஏட்டிலிருந்து கோடு போக மேலும் பத்து ஆண்டு ஆயிற்று. நிறுவனத்தின் பெயரில் ஹைஃபன் வைக்கலாமா, எடுக்கலாமா என்று யோசிக்கிற எவரும் இந்தப் பத்து ஆண்டு இடைவெளியைக் கூர்ந்து பார்க்க வேண்டும். சிறுகோடு பற்றிய முடிவு ஒரே முடிவாக வருவதில்லை. பெயர் எங்கெல்லாம் எழுதப்பட்டிருக்கிறதோ அங்கெல்லாம் தனித்தனியாக எடுக்க வேண்டிய முடிவு அது. ஓரிடத்தில் முடிவெடுத்துவிட்டு மற்ற இடங்களை அப்படியே விட்டால் ஒரே நிறுவனத்துக்கு இரண்டு பெயர் நிலைத்துவிடும்.

ஏழு எழுத்து

1962-இன் வசந்த காலம். சாம் வால்டன் தன் சிறு விமானத்தை ஆர்கன்சா மாநிலத்தின் மலைகளுக்கு மேல் ஓட்டிக்கொண்டிருந்தார். உடன் இருந்தவர் அவருடைய கடை மேலாளர் பாப் போகிள். வால்டன் சட்டைப் பையிலிருந்து ஒரு அட்டையை எடுத்து நீட்டினார். புதிய தள்ளுபடிக் கடைக்கு எண்ணி வைத்திருந்த மூன்று நான்கு பெயர்கள் அதில் இருந்தன. வால்டன் என்ற பெயரை விட வேண்டாம், மக்கள் பொருள் வாங்கும் இடம் என்றும் தெரியட்டும் என்பது போகிளின் எண்ணம். ‘வால்டன்’ என்பதன் முதல் பாதியோடு, சந்தை எனப் பொருள்படும் ‘மார்ட்’ சேர்த்து அட்டையின் அடியில் எழுதினார். ஆங்கிலத்தில் ஏழே எழுத்து.

அவர் சொன்ன காரணம் நேரடியான வரவு செலவுக் காரணம்: காசு கொடுத்து வாங்க வேண்டிய எழுத்துகள் குறைவு. முந்தைய கடைகளுக்குப் பெயர்ப் பலகை வைத்த அனுபவம் அவருக்கு இருந்தது. ஒவ்வொரு எழுத்தையும் வாங்குவது, ஏற்றிப் பொருத்துவது, நியான் விளக்கு எரிய வைப்பது, பழுது பார்ப்பது என எழுத்துக்கு எழுத்து செலவு. சில நாள் கழித்து வால்டன் கட்டட வேலையைப் பார்க்கப் போனபோது பலகைக்காரர் முதல் மூன்று எழுத்தையும் பொருத்தி முடித்து, நான்காவது எழுத்தோடு ஏணியில் ஏறிக்கொண்டிருந்தார். 1962 ஜூலை 2 அன்று ராஜர்ஸ் ஊரில் முதல் கடை திறந்தது.

எழுத்தை எண்ணிக் காசு பார்த்துப் பிறந்த பெயருக்குள் எட்டாவதாக ஒரு குறி எப்படி நிலைத்தது? அன்றைய ஆங்கில வழக்கம்தான் காரணம். இரண்டு துண்டுகளை ஒட்டிப் புதுச்சொல் செய்தால், ஒட்டிய இடத்தைக் காட்ட ஒரு கோடு போடுவது இயல்பு. புதுச்சொல் பழகப் பழக அந்தக் கோடு உதிர்ந்துவிடும். ‘டுடே’, ‘டுமாரோ’ போன்ற சொற்களிலும் ஒரு காலத்தில் கோடு இருந்தது. இன்று யாரும் போடுவதில்லை. வால்மார்ட்டின் சிறுகோடும் அந்த வகைத் தையல் குறிதான். தையல் பிரியாது என்று தெரிந்தபின் அதற்கு வேலை இல்லை.

கோடு, நட்சத்திரம், இடுப்பசைவு

தொடக்கத்தில் பெயருக்கு நிலையான வடிவமே கிடையாது. 1964 வரை அச்சகத்தில் எந்த எழுத்துரு இருந்ததோ அதில் அச்சடித்தார்கள். 1964-இல் மேற்கத்தியப் பாணி எழுத்துருவும் சிறுகோடும் கொண்ட முதல் அதிகாரபூர்வ முத்திரை வந்தது. 1969 அக்டோபர் 31 அன்று ‘வால்-மார்ட், இங்க்.’ என்று பதிவானபோது சிறுகோடு சட்டத்துக்குள் நுழைந்தது. ‘ஸ்டோர்ஸ்’ 1970-இல் சேர்ந்தது. 1981-இல் எழுத்து மாறியது, கோடு தங்கியது. 1992-இல் கோடு இருந்த இடத்தில் ஒரு நட்சத்திரம் வந்தது. பலகையில் நட்சத்திரம், ஆவணத்தில் சிறுகோடு என்ற இரட்டை நிலை அப்போதே தொடங்கிவிட்டது.

மூன்றாவது வடிவம் ஊழியர்களின் வாயில் இருந்தது. 1975-இல் வால்டன் கொரியாவில் ஒரு டென்னிஸ் பந்துத் தொழிற்சாலையைப் பார்த்தார். அங்கே தொழிலாளர்கள் சேர்ந்து முழக்கமிடுவது அவருக்குப் பிடித்துப்போனது. ஊர் திரும்பியதும் தன் கடைகளிலும் அதைத் தொடங்கினார். பெயரை எழுத்து எழுத்தாகச் சொல்ல வேண்டும். ஒருவர் கேட்க, எல்லோரும் கூவ வேண்டும். ‘எல்’ முடிந்து ‘எம்’ வருமுன் ‘ஸ்குவிக்லி!’ என்று கூவி இடுப்பை ஒரு சுழற்று சுழற்றுவார்கள். அந்தச் சுழற்றல்தான் சிறுகோடு.

இதைச் சின்ன விஷயம் என்று தள்ளிவிடக் கூடாது. பெயரில் உள்ள குறி, மக்கள் உடலால் செய்து பழகிய ஒன்றாகிவிட்டால், வடிவமைப்பாளர் அதை அழிக்கும்போது ஊழியர்களின் வழக்கத்திலும் கை வைக்கிறார். பெயர் மாற்றக் குழுவில் வழக்கறிஞரும் வடிவமைப்பாளரும் மட்டும் இருந்தால் இது பட்டியலிலேயே வராது. பெயரை உரக்கச் சொல்லும் இடங்களை, அதாவது தொலைபேசியில் எடுத்ததும் சொல்வது, விழா மேடை, பணிப் பயிற்சி, வானொலி விளம்பரம் ஆகியவற்றை, பெயர் எழுதப்படும் இடங்களோடு சேர்த்துக் கணக்கெடுக்க வேண்டும்.

பத்தாண்டு இரட்டைப் பெயர்

2008 ஜூன் 30 அன்று புதிய முத்திரை வெளியானது. முதல் எழுத்து மட்டும் பெரியது, மற்றவை சிறியவை. வலப்புறம் ஆறு கதிர் கொண்ட மஞ்சள் பொறி. நட்சத்திரமும் இல்லை, கோடும் இல்லை. சட்டப் பெயர் மட்டும் அப்படியே நின்றது.

எழுத்து வடிவம் மாறியதையும் கோடு போனதையும் சேர்த்தே பார்க்க வேண்டும். முழுக்கப் பெரிய எழுத்தில் எழுதினால் நடுவில் ஒரு இடைவெளியோ குறியோ கண்ணுக்கு உதவுகிறது. சிறிய எழுத்தில் சொல்லின் மேடுபள்ளமே அதை ஒரே சொல்லாகக் காட்டிவிடும். சிறுகோட்டை எடுக்க நினைப்பவர்கள் பெயரை இரண்டு எழுத்து அளவிலும் எழுதிப் பார்த்துவிட்டே முடிவெடுக்க வேண்டும். பெரிய எழுத்தில் குழப்பமாகத் தெரியும் பெயர் சிறிய எழுத்தில் தெளிவாக நிற்கும். சில பெயர்களுக்கு இது தலைகீழாகவும் நடக்கும்.

அடுத்து வந்தது எழுதுபவர்களின் திண்டாட்டம். கடையைக் குறித்தால் கோடில்லாமல், நிறுவனத்தைக் குறித்தால் கோட்டோடு என்று எழுதுவதே நியாயம். ஆனால் ‘வால்மார்ட் ஊதியத்தை உயர்த்தியது’ என்ற வாக்கியத்தில் வருவது கடையா, நிறுவனமா? பத்திரிகைகள் இரண்டையும் எழுதின. ஆங்கிலத்தில் வரி முடிவில் சொல்லை உடைக்கவும் அதே குறியைத்தான் போடுவார்கள். முதல் பாதி ஒரு வரியிலும் ‘மார்ட்’ அடுத்த வரியிலும் விழுந்தால், நடுவில் நிற்பது பெயரின் கோடா, அச்சுக் கோர்ப்பின் கோடா என்று அறிய வழியே இல்லை. அதை வெட்டி வேறு பக்கத்தில் ஒட்டுபவர் ஊகித்துத்தான் எழுதுவார்.

பட்டியல்களிலும் சிக்கல் உண்டு. அகர வரிசைக்கு ஆங்கிலத்தில் இரண்டு முறைகள் இருக்கின்றன. சொல் சொல்லாக அடுக்கும் முறையில் சிறுகோடு இடைவெளிக்குச் சமம். எழுத்தெழுத்தாக அடுக்கும் முறையில் அதைக் கணக்கிலேயே கொள்வதில்லை. கோடுள்ள வால்-மார்ட் முதல் முறையில் ‘வால்டன்’ என்ற பெயருக்கு முன்னால் போய் நிற்கும், ஏனென்றால் அதன் முதல் சொல் மூன்றெழுத்தோடு முடிந்துவிடுகிறது. கோட்டை எடுத்தாலும் வால்மார்ட் முன்னால், வால்டன் பின்னால் என்ற வரிசை மாறாது. ஆனால் ‘வால்டன்’ அல்லாத வேறு சில பெயர்கள், அதே மூன்றெழுத்தில் தொடங்கி நான்காவது எழுத்து ‘எம்’-க்கு முந்தியவை, வால்மார்ட்டுக்கு முன்னால் ஏறிவிடும். கோடுள்ள பெயர் ஓரிடத்திலும் கோடற்ற பெயர் வேறிடத்திலும் நிற்க, ஒரே நிறுவனத்தின் கோப்புகள் இரண்டாகப் பிரியும். நூலகம், பங்குப் பதிவேடு, கொள்முதல் பட்டியல் எதுவானாலும் இதே கதிதான்.

2018: ஏன் அந்த நாள்

பெயர் மாற்றத்தை நிறுவனம் 2017 டிசம்பர் 6 அன்று அறிவித்தது. நடைமுறைக்கு வந்தது பிப்ரவரி 1. வால்மார்ட்டின் நிதியாண்டு ஜனவரி 31 அன்று முடிகிறது. புதுப் பெயர் புதிய நிதியாண்டின் முதல் நாளில் தொடங்கியதால் ஒரே ஆண்டுக் கணக்கில் இரண்டு பெயர் வரவில்லை. இந்தியாவில் இதற்கு ஈடான நாள் ஏப்ரல் 1. நடு ஆண்டில் மாற்றினால் விலைச்சீட்டு, வரிப்பிடித்தச் சான்று, தணிக்கை அறிக்கை ஒவ்வொன்றிலும் ‘முன்னர் இன்ன பெயர்’ என்று ஒட்டு போட வேண்டிவரும்.

இன்னொன்றையும் கவனித்தார்கள். பங்குச் சந்தையில் நிறுவனத்தைக் குறிக்கும் மூன்றெழுத்துக் குறியீடு மாறவில்லை. அதில் முன்பும் கோடு கிடையாது. ஆகவே தொட வேண்டிய தேவையும் இல்லை. மாற்ற வேண்டியதைப் போலவே மாற்ற வேண்டாததையும் அறிவிப்பில் எழுத்தில் சொல்வது நல்லது. இல்லாவிட்டால் வங்கியும் பங்குதாரரும் அதைத்தான் முதலில் கேட்பார்கள்.

சிறுகோட்டை எடுப்பதற்காக மட்டும் இவ்வளவு பெரிய நிறுவனம் சட்டப் பெயரை மாற்றியிருக்க வேண்டுமா என்று கேட்டால், வேண்டியதில்லை என்றே சொல்வோம். கோடு ஒன்றை மாற்றினாலும் பெயர் முழுவதையும் மாற்றினாலும் தாள் வேலை ஏறத்தாழ ஒன்றுதான். ‘ஸ்டோர்ஸ்’ போகவேண்டிய உண்மையான காரணம் வந்தபோது கோடும் அதே விண்ணப்பத்தில் போனது. அதுவரை காத்திருந்தது செலவுக் கணக்கில் சரி. ஆனால் 2008-இல் முத்திரையை மாற்றியபோதே இரண்டையும் சேர்த்துச் செய்திருந்தால் பத்தாண்டுக் குழப்பம் வந்திருக்காது.

சில இடங்களில் பழைய பெயர் என்றைக்கும் இருக்கும். 2011-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்த்த, ஏறத்தாழ 15 லட்சம் பெண் ஊழியர்களைச் சார்ந்த பாகுபாட்டு வழக்கு, சட்டப் புத்தகங்களில் ‘வால்-மார்ட் ஸ்டோர்ஸ்’ என்ற பெயரிலேயே நிற்கிறது. வழக்குப் பெயர் பின்தேதியிட்டு மாறாது. பழைய பெயரில் எழுதிய கடன் பத்திரமும் குத்தகையும் பெயர் மாறியதால் செல்லாமல் போவதில்லை. அவற்றைத் திருத்தி எழுதவும் தேவையில்லை. தாய் நிறுவனம் மாறினால் கிளை நிறுவனங்களின் பெயர் தானாக மாறாது என்பதும் நினைவிருக்கட்டும். ஒவ்வொன்றும் தனித்தனிப் பதிவு, தனித்தனி விண்ணப்பம்.

கோடு என்ன வேலை செய்கிறது?

வால்மார்ட்டில் சரியான முடிவு எல்லாருக்கும் சரியாகாது. ரோல்ஸ்-ராய்ஸ் பெயரில் உள்ள கோடு சார்லஸ் ரோல்ஸ், ஹென்றி ராய்ஸ் என்ற இருவரைச் சேர்த்துப் பிடிக்கிறது. கார் செய்யும் நிறுவனமும் விமான எஞ்சின் செய்யும் நிறுவனமும் இன்று வேறு வேறு. இரண்டும் கோட்டை விடவில்லை. எடுத்தால், ரோல்ஸ் என்ற முதற்பெயர் கொண்ட ராய்ஸ் என்று ஒரே ஆளாகப் படிக்க வாய்ப்புண்டு.

பிரிஸ்டல்-மையர்ஸ் ஸ்குவிப் என்ற மருந்து நிறுவனத்தில் கோடு இன்னும் நுட்பமாகப் பேசுகிறது. பிரிஸ்டலும் மையர்ஸும் பழைய கூட்டாளிகள். ஸ்குவிப் 1989-இல் வந்து இணைந்தது. கோடு யாரை யாரோடு முன்பே கட்டியது என்பதைப் பெயரே சொல்கிறது. இந்த நிறுவனம் முத்திரையில் கோட்டை எடுத்துவிட்டுச் சட்டப் பெயரில் வைத்திருக்கிறது. 2008-க்கும் 2018-க்கும் இடையே வால்மார்ட் நின்ற அதே நிலை. கணினி நிறுவனமான ஹியூலெட்-பேக்கர்ட் 2015-இல் இரண்டாகப் பிரிந்தபோது, வணிக நிறுவனங்களுக்கான பகுதி கோடில்லாமல் ‘ஹியூலெட் பேக்கர்ட் என்டர்பிரைஸ்’ ஆனது. புது நிறுவனம் பிறக்கும் தருணத்தில் செய்ததால், மாற்றம் என்ற தனிச் செலவே இல்லை. இதைவிட நல்ல சந்தர்ப்பம் கிடைக்காது.

வழக்கம் மாறியதால் மட்டும் பழையதாகிப்போன கோடும் உண்டு. நியூயார்க் நகரின் பெயரையே 19-ஆம் நூற்றாண்டில் கோட்டோடு எழுதுவது சாதாரணம். 1851-இல் தொடங்கிய ‘நியூயார்க் டைம்ஸ்’ நாளிதழின் தலைப்பில் அந்தக் கோடு இருந்தது. 1896 டிசம்பர் 1 அன்று எடுத்துவிட்டார்கள். 1804-இல் நிறுவப்பட்ட நியூயார்க் வரலாற்றுச் சங்கமோ 2024 வரை வைத்திருந்தது. நாளிதழ் அன்றாடம் வாசகர் கண்ணில் படுவது. ஊர் வழக்கத்தோடு நடப்பது அதற்கு முறை. வரலாற்றுச் சங்கத்துக்கு அதுவரை பழைய எழுத்துமுறையே அடையாளமாக இருந்தது. ஒரே கோடு, ஒரே ஊர், இரண்டு முடிவு, இரண்டும் நியாயம்.

தமிழில் எழுதும்போது

தமிழில் இந்தக் கேள்வி பாதி தானாகவே தீர்ந்துவிடுகிறது. ஆங்கிலம் கோடு போட்டு இணைக்கும் இடத்தில் நமக்கு உம்மைத்தொகை இருக்கிறது. ‘பெற்றோர் ஆசிரியர் கழகம்’ என்ற பெயரில் கோடு இல்லை. யாரும் தவறாகப் படிப்பதும் இல்லை. ‘வால்மார்ட்’ என்று எழுதும்போது ல் மேல் உள்ள புள்ளியே அசை முடிவைக் காட்டிவிடுகிறது. தமிழில் கோடு உண்மையாகப் பயன்படுவது, இரு தரப்பும் சமம் என்று காட்ட வேண்டியபோது மட்டும்தான்: ‘இந்திய-இலங்கை’ என்பது போல.

வேறு ஒரு சங்கடமும் உண்டு. எண்ணுக்கும் சுருக்கப் பெயருக்கும் வேற்றுமை உருபு சேர்க்க நாம் அதே கோட்டைப் போடுகிறோம்: ‘2018-இல்’. பெயருக்குள் ஏற்கெனவே கோடு இருந்து, அது எண்ணிலோ சுருக்கத்திலோ முடிந்தால், உருபு சேரும்போது ஒரே சொல்லில் இரண்டு கோடு, இரண்டு வேலை. பெயரைத் தேர்ந்தெடுக்குமுன் அதை ‘இன்’, ‘இல்’, ‘க்கு’ சேர்த்து மூன்று வாக்கியம் எழுதிப் பாருங்கள். அங்கேயே இடறினால் அந்தப் பெயர் செய்தித்தாளில் தினமும் இடறும்.

இந்தியப் பதிவில் செய்ய வேண்டியவை

நிறுவனப் பதிவில் சிறுகோட்டுக்குத் தனி மதிப்பு இல்லை. இரண்டு பெயர்கள் ஒன்றா என்று பார்க்கும்போது நிறுத்தற்குறி, இடைவெளி, சொற்களைச் சேர்ப்பது, பிரிப்பது ஆகியவற்றைக் கணக்கில் கொள்ளக் கூடாது என்று 2014-இன் நிறுவனப் பதிவு விதிகளில் 8-ஆவது விதி சொல்கிறது. ஒருவர் பதிந்துவிட்ட பெயரை நடுவில் கோடு போட்டுத் தனதாக்க முடியாது. கோடு போட்டால் பெயர் கிடைத்துவிடும் என்று நம்பிப் பலகை அடித்துவிட்டு வருபவர்கள் இந்த விதியில்தான் மாட்டுகிறார்கள்.

ஆனால் இருக்கிற பெயரில் கோட்டைச் சேர்க்கவோ எடுக்கவோ முழு நடைமுறையும் உண்டு. 2013-இன் நிறுவனச் சட்டம் 13-ஆவது பிரிவின்படி சிறப்புத் தீர்மானம் வேண்டும். ஆதரவு வாக்கு எதிர் வாக்கைப்போல் மூன்று மடங்குக்குக் குறையக் கூடாது. அரசின் ஒப்புதலும் வேண்டும். ‘பிரைவேட்’ என்ற சொல்லைச் சேர்ப்பதற்கும் நீக்குவதற்கும் உள்ள விலக்கு சிறுகோட்டுக்குக் கிடையாது. முதலில் பெயரை ஒதுக்கி வாங்க வேண்டும். மாற்றத்துக்கான ஒதுக்கீடு 60 நாள் செல்லும். தீர்மானம் நிறைவேறி 30 நாளுக்குள் அதைப் பதியும் எம்ஜிடி-14 படிவம், பிறகு பெயர் மாற்ற விண்ணப்பமான ஐஎன்சி-24. புதிய சான்றிதழ் கைக்கு வந்தால்தான் பெயர் மாறியதாகக் கணக்கு. அதற்கு முன் அச்சடித்த கடிதத்தாளைப் பயன்படுத்தாதீர்கள். சான்றிதழ் வந்தபின் இரண்டு ஆண்டுக்குப் பழைய பெயரையும் பலகையிலும் கடிதத்திலும் சேர்த்துக் காட்ட வேண்டும் என்று 12-ஆவது பிரிவு சொல்கிறது. பலகைக்காரரிடம் அளவு கொடுக்கும்போதே இந்த இரண்டாவது வரிக்கு இடம் விடச் சொல்லுங்கள். இந்த ஒன்றை மறப்பதால் புத்தம்புதுப் பலகையில் ஒட்டுத்தாள் தொங்குவது அடிக்கடி நடக்கிறது.

பதிவான வணிகச் சின்னத்தில் கோட்டை மட்டும் மாற்ற, 1999-இன் வணிகச் சின்னச் சட்டம் 59-ஆவது பிரிவு வழி தருகிறது. சின்னத்தின் அடையாளம் பெரிதும் மாறாத திருத்தமாக அது இருக்க வேண்டும்.

கோட்டை வைத்துக்கொள்வது என்று முடிவானால், எந்தக் கோடு என்பதையும் எழுதி வையுங்கள். கண்ணுக்கு ஒன்றுபோல் தெரியும் குறிகள் பல. விசைப்பலகையில் பூஜ்யத்துக்கு அடுத்த சாவி தருவது ஒன்று. கணினியில் ஒவ்வொரு எழுத்துக்கும் குறிக்கும் எண் தரும் யூனிகோடில் 2010 என்ற எண்ணில் இருப்பது ஹைஃபன். 2011 வரியை உடைக்க விடாத ஹைஃபன். 2013 சற்று நீண்ட கோடு. சொல் செயலிகள் இடைவெளிகளுக்கு நடுவே அடித்த சிறுகோட்டைத் தாமாகவே நீண்ட கோடாக மாற்றிவிடும். அந்தக் கோப்பிலிருந்து பெயரை நகலெடுத்து விரிதாளில் ஒட்டினால், திரையில் இரண்டும் ஒன்றே. தேடல் சூத்திரமோ பொருந்தவில்லை என்கிறது. வங்கிப் பெயரும் வரிப் பதிவுப் பெயரும் ஒத்துப்போகாமல் பணம் நிற்பதற்குப் பின்னால் இப்படி ஒரு கோடு இருப்பதுண்டு. பதிவேடுகளில் விசைப்பலகைக் கோட்டை மட்டும் பயன்படுத்துங்கள். அச்சில் பெயர் இரண்டு வரியாக உடையக் கூடாது என்றால் அங்கே மட்டும் 2011. ஒப்பிடும் மென்பொருளில், ஒப்பிடுமுன் எல்லா வகைக் கோட்டையும் ஒன்றாக்கும் ஒரு படியைச் சேர்க்கச் சொல்லுங்கள்.

இணைய முகவரியில் கோடு வரலாம். முதலிலோ கடைசியிலோ வரக் கூடாது. சமூக ஊடகங்களின் ஹேஷ்டேகில் கோடு வந்த இடத்தோடு குறிச்சொல் அறுந்துவிடும், மீதிப் பெயர் வெறும் எழுத்தாக நிற்கும். ஆகவே கோடுள்ள பெயர் வைப்பவர்கள் கோடுள்ள முகவரி, கோடற்ற முகவரி இரண்டையும் முதல் நாளே வாங்கி, ஒன்றை மற்றொன்றுக்குத் திருப்பிவிட வேண்டும். மின்னஞ்சலுக்கும் அப்படியே: பழைய முகவரிக்கு வரும் கடிதங்கள் புதியதற்குப் போய்ச் சேருவதை ஒவ்வொரு துறையின் முகவரியிலும் அனுப்பிச் சோதித்தபிறகே பலகையைக் கழற்றச் சொல்லுங்கள்.